படத்துப் பெண்ணுக்குப் பாட்டுக் கொடுத்தவர்

பாட்டுப் பாடி ஒரு போரை நிறுத்த முடியுமா?

முடியும் என்று ஒரு கதை சொன்னது. 1982-ம் ஆண்டு அக்டோபர் மாதம் ஜப்பான் நாட்டு டெலிவிஷனில் அந்தக் கதை தொடங்கியது. அதன் பெயர் "மாக்ராஸ்." ஞாயிற்றுக்கிழமை தோறும் பிற்பகல் 2 மணிக்கு அது வரும். சாப்பாடு முடிந்து வீட்டில் எல்லோரும் ஓய்வாக உட்கார்ந்திருக்கும் நேரம்.

வானத்திலிருந்து பெரிய கப்பல் ஒன்று பூமியில் விழுகிறது. மனிதர்கள் அதைப் பழுது பார்த்துத் தங்களுடையது ஆக்கிக் கொள்கிறார்கள். அந்தக் கப்பலைத் தேடி வேற்று உலகத்து ராட்சதர்கள் வருகிறார்கள். ஒவ்வொருவனும் மூன்று மாடி வீட்டு உயரம்! அவர்களுக்குத் தெரிந்த ஒரே தொழில் சண்டை. பிறந்தது முதல் சாகும் வரை சண்டைதான். ஆணும் பெண்ணும் சேர்ந்து வாழ்வது அவர்களுக்குத் தெரியாது. பாட்டு என்றால் என்ன என்றே தெரியாது.

அப்படிப்பட்டவர்களின் காதில் ஒரு பெண்ணின் பாட்டு விழுகிறது. அவ்வளவுதான்! ஆயுதம் பிடித்த கை தளர்கிறது. "இது என்ன சத்தம்?" என்று விழிக்கிறார்கள். சிலர் சண்டையை விட்டுவிட்டு மனிதர்கள் பக்கமே ஓடி வந்து விடுகிறார்கள்.

அந்தப் பாட்டைப் பாடும் பெண்ணின் பெயர் மின்மே. உறவினர் நடத்தும் சீனச் சாப்பாட்டுக் கடையில் இருப்பவள். ஊரார் நடத்தும் அழகிப் போட்டியில் ஜெயிக்கிறாள். அன்று முதல் அவள் நட்சத்திரம்.

மின்மே நிஜப் பெண் அல்ல. பேனாவாலும் வர்ணத்தாலும் பிறந்தவள். படம் படமாக வரைந்து, அதை ஓட விட்டு, உயிர் உள்ளது போலக் காட்டும் ஜப்பானியப் படங்களுக்கு "ஆனிமே" என்று பெயர். இன்று உலகம் முழுவதும் அந்தப் பெயர் தெரியும். மின்மே ஓர் ஆனிமே பெண்.

ஆனால் அவளுடைய குரல் நிஜம். அந்தக் குரலுக்குச் சொந்தக்காரர் மாரி ஈஜிமா. மாரி என்றதும் நம்மூர்ப் பெண் என்று நினைத்துவிட வேண்டாம்! 1963-ம் ஆண்டு மே மாதம் ஜப்பானில் சுச்சியுரா என்ற ஊரில் பிறந்தவர். குனிதாச்சி இசைக் கல்லூரியில் பியானோ படித்தவர். சொந்தமாகப் பாட்டுக் கட்டி, மெட்டுப் போட்டு, பியானோ வாசித்துப் பாட வேண்டும் என்பது அவர் ஆசை.

மின்மேக்குக் குரல் தேடியபோது அவருக்கு வயது 19. குரல் தேர்வில் கலந்து கொண்டார். தேறினார்.

பேச்சும் அவரே, பாட்டும் அவரே!

ஜப்பானில் படத்துக்குக் குரல் கொடுப்பது தனித் தொழில். அதைச் செய்பவர்களுக்கு "செய்யூ" என்று பெயர். நடிகர்கள் எல்லோரும் ஒரே அறையில் கூடுவார்கள். எதிரே திரையில் படம் ஓடும். கையில் வசனத் தாள் இருக்கும். தன் முறை வந்ததும் ஒலிவாங்கிக்கு முன்னால் வந்து நின்று பேச வேண்டும். தாளைப் புரட்டும் சத்தம் கூடக் கேட்கக் கூடாது. வாய் திறக்கும்போது பேசி, வாய் மூடும்போது நிறுத்த வேண்டும். முகம் தெரியாது. உடை தெரியாது. அழுகையோ, சிரிப்போ, கோபமோ, எல்லாம் குரலிலேயே வர வேண்டும்.

மாரி நாடக அனுபவம் உள்ளவர் அல்ல. பாட வந்த பெண். பேச்சில் கொஞ்சம் கூச்சம், கொஞ்சம் குழந்தைத்தனம். அதுவே மின்மேக்குப் பொருத்தமாகப் போய்விட்டது. கதையில் மின்மேயும் மேடைக்குப் புதியவள்தானே!

பொதுவாகப் பேசுவது ஒருவர், பாடுவது இன்னொருவர் என்று வைப்பது சினிமா வழக்கம். மாக்ராஸில் அப்படி இல்லை. பேசியவரும் மாரி, பாடியவரும் மாரி. விமானம் ஓட்டும் காதலனைப் பற்றிய துள்ளல் பாட்டு ஒன்று அந்தத் தொடரில் உண்டு. கென்டாரோ ஹனேடா மெட்டுப் போட்டது. அந்தப் பாட்டை வீட்டுக்கு வீடு சிறுவர் சிறுமியர் முணுமுணுத்தார்கள்.

கதை 27-ம் பகுதியில் போரோடு முடிந்திருக்க வேண்டும். ரசிகர்களின் வரவேற்பைப் பார்த்து இன்னும் 9 பகுதி நீட்டினார்கள். மொத்தம் 36 பகுதி. 1983-ம் ஆண்டு ஜூன் மாதம் தொடர் முடிந்தது.

நீட்டிய அந்த 9 பகுதிகளில் கதை என்ன சொன்னது தெரியுமா? போர் ஓய்ந்த பிறகு மின்மேயின் புகழ் மங்குகிறது. சின்னச் சின்ன மேடைகளில் பாடுகிறாள். கூட்டம் குறைகிறது. மனம் சலிக்கிறது. அவள் விரும்பிய விமானி ஹிகாரு வேறொரு பெண்ணைக் கைப்பிடிக்க முடிவு செய்கிறான். மின்மே தனியாகத் தன் பாட்டோடு புறப்பட்டுப் போகிறாள்.

ஊரார் ஓட்டுப் போட்டு உயர்த்திய பெண், பிறகு எப்படி வாழ்கிறாள்? சிறுவர்கள் பார்க்கும் தொடரில் இந்தக் கேள்வி வந்தது ஆச்சரியம். அதைவிட ஆச்சரியம், அதே கேள்வி குரல் கொடுத்தவரின் வாசலிலும் வந்து நின்றதுதான்.

மூன்று படங்கள், ஒரு முதல் பரிசு

1983-ம் ஆண்டிலேயே மாரியின் முதல் இசைத்தட்டுத் தொகுப்பு வந்தது. பெயர் "ரோஸே." அதைத் தயாரித்தவர் ரியுச்சி சகமோட்டோ. பிறகு 1987-ல் வந்த "கடைசிச் சக்கரவர்த்தி" என்ற படத்துக்கு இசை அமைத்து ஆஸ்கார் பரிசு வாங்கிய அதே சகமோட்டோதான். 20 வயதுப் பெண்ணுக்கு இதைவிட நல்ல தொடக்கம் வேண்டுமா?

1984-ம் ஆண்டு ஜூலை 21-ந் தேதி மாக்ராஸ் கதை பெரிய சினிமாவாக வந்தது. அதற்காக "காதலை நினைவிருக்கிறதா?" என்று பொருள்படும் ஒரு பாட்டைப் பாடினார் மாரி. எழுதியவர் கசுமி யசுயி. மெட்டமைத்தவர் கசுஹிகோ காட்டோ. படத்தில் அந்தப் பாட்டுக்குத்தான் போர் நிற்கிறது. அதில் ஒரு வேடிக்கை உண்டு. பல ஆயிரம் ஆண்டுகளுக்கு முன் வாழ்ந்தவர்கள் விட்டுப் போன மந்திரம் என்று நினைத்து அதன் சொற்களைப் பாடுபட்டுப் படிக்கிறார்கள். கடைசியில் பார்த்தால், அது அந்தக் காலத்து ஜனங்கள் சும்மா முணுமுணுத்த சாதாரணக் காதல் பாட்டு!

இசைத்தட்டு விற்பனைப் பட்டியலில் அந்தப் பாட்டு 7-ம் இடம் வரை ஏறியது. பட்டியலில் மற்றவர்கள் எல்லாம் நிஜ மேடைப் பாடகர்கள். அவர்கள் நடுவே படத்துப் பெண்ணின் பாட்டு!

அந்த ஆண்டு ஜப்பானிய ரசிகர்களுக்கு விருந்து ஆண்டு. பிப்ரவரியில் மாமோரு ஓஷியின் "அழகிய கனவு காண்பவள்" வந்தது. மார்ச் மாதம் ஹயாவோ மியசாக்கியின் "நௌஷிகா." ஜூலையில் மாக்ராஸ். மூன்றும் மூன்று விதம். மூன்றையும் இன்று வரை ஜனங்கள் மறக்கவில்லை. இதில் எது முதல்?

இந்தக் கேள்விக்குப் பதில் சொல்ல ஓர் ஏற்பாடு இருந்தது. 1978-ம் ஆண்டு தொடங்கிய "அனிமேஜ்" என்ற மாதப் பத்திரிகை, 1979 முதல் வாசகர்களிடம் ஓட்டு வாங்கி ஆண்டின் சிறந்த ஆனிமேயைத் தேர்ந்தெடுத்தது. பண்டிதர்கள் கிடையாது. நடுவர்கள் கிடையாது. பள்ளிக்கூடப் பையனும், கல்லூரி மாணவியும், கடைச் சிப்பந்தியும் பத்திரிகைக்கு எழுதிப் போடுவார்கள். படம் மட்டும் அல்ல. பிடித்த கதாபாத்திரம் எது, பிடித்த பாட்டு எது, பிடித்த குரல் யாருடையது என்றும் ஓட்டு உண்டு.

1984-ம் ஆண்டு முதல் பரிசு நௌஷிகாவுக்குப் போயிற்று.

நல்ல படம்தான், சந்தேகம் இல்லை. ஆனால் ஒன்றைச் சொல்லாமல் இருக்க முடியாது. நௌஷிகாவின் கதை 1982 முதல் படக்கதையாக வந்து கொண்டிருந்த பத்திரிகையே அனிமேஜ்தான்! கதை போட்டதும் அவர்கள், ஓட்டு எண்ணியதும் அவர்கள். வாசகர்கள் மாதந்தோறும் படித்துப் பழகிய கதைக்கு ஓட்டுப் போட்டார்கள். இதில் மோசடி எதுவும் இல்லை. வாசலில் பூத்த பூவைத்தான் முதலில் பறிப்பார்கள். ஆனால் "ஆண்டின் சிறந்த படம்" என்று கேள்விப்படும்போது, ஓட்டுப் போட்டவர் யார், எந்தக் கடையில் நின்று போட்டார் என்பதையும் பார்க்க வேண்டும்.

ஓட்டு வீண் அல்ல!

இதைச் சொன்னதும், "ரசிகர்களுக்கு என்ன தெரியும்? நிபுணர்கள் தேர்ந்தெடுக்கட்டும்" என்று சிலர் கிளம்புவார்கள். அவர்களுக்கு இரண்டு கதைகளைச் சொல்ல வேண்டும்.

1974-ம் ஆண்டு அக்டோபரில் "யமாட்டோ" என்ற தொடர் தொடங்கியது. விண்வெளியில் போகும் போர்க் கப்பலின் கதை. ஞாயிற்றுக்கிழமை இரவு அது வரும் அதே நேரத்தில், வேறு நிலையத்தில் "ஹெய்டி" என்ற மலைநாட்டுச் சிறுமியின் கதை ஓடியது. வீட்டில் இருப்பதோ ஒரு டெலிவிஷன் பெட்டி. குழந்தைகள் ஹெய்டி பக்கம் போய்விட்டார்கள். யமாட்டோவை 26 வாரத்தோடு சுருக்கி முடித்தார்கள். நிலையத்தார் கணக்கில் அது தோல்வி.

ரசிகர்கள் விடவில்லை. மறு ஒளிபரப்பு வந்தபோது கூட்டம் கூட்டமாகப் பார்த்தார்கள். சங்கம் வைத்தார்கள். கையெழுத்துப் பத்திரிகை நடத்தினார்கள். 1977-ல் அது சினிமாவாக வந்தபோது முதல் நாள் இரவே கொட்டகை வாசலில் வந்து படுத்துக் கொண்டார்கள்! ஆனிமே என்றால் குழந்தைகளின் பொழுதுபோக்கு என்ற நினைப்பு அன்று உடைந்தது. அனிமேஜ் போன்ற பத்திரிகைகளுக்கு இடம் கிடைத்ததும் அந்த அலையில்தான்.

அடுத்தது "கண்டாம்." 1979-ல் தொடங்கிய இந்த இயந்திர மனிதப் போர்க்கதையை 52 வாரம் நடத்தத் திட்டம். பார்ப்பவர் குறைவு, பொம்மை விற்கவில்லை என்று 43 வாரத்தில் நிறுத்தினார்கள். மறுபடியும் ரசிகர்கள் தோள் கொடுத்தார்கள். 1981-ம் ஆண்டு பிப்ரவரி 22-ந் தேதி டோக்கியோவில் ஷின்ஜுகு என்ற இடத்தில் வாலிபர்கள் ஆயிரக்கணக்கில் திரண்டார்கள். படம் எடுத்த யோஷியுகி டோமினோ அவர்கள் முன்னால் மேடை ஏறினார். அந்த ஆண்டும் அடுத்த ஆண்டுமாக மூன்று சினிமாக்கள் வந்தன. நிறுத்தப்பட்ட அந்தத் தொடரின் வழியில் இன்றும் புதிய கதைகள் வந்து கொண்டிருக்கின்றன.

நிபுணர்கள் தோல்வி என்று மூடிய கதவை ரசிகர்கள் திறந்தார்கள். அந்த மக்களுக்கு ஓட்டு உரிமை இல்லை என்று யார் சொல்ல முடியும்?

குரலைக் கட்டிப் போட்டால்?

ரசிகனின் ஓட்டு படத்துக்குப் போகும் வரை நல்லது. அது ஆளைப் பிடித்துக் கொள்ளும்போதுதான் சங்கடம்.

மாரிக்கு வந்த சங்கடம் அதுதான். அவர் பியானோ முன்னால் உட்கார்ந்து தன் மனத்தில் பட்டதைப் பாட வந்தவர். 1984-ல் இரண்டாவது தொகுப்பு, 1985-ல் இன்னும் இரண்டு என்று வரிசையாகத் தொகுப்புகள் வந்தன. அவற்றில் பாட்டுக் கட்டும் திறமை தெரிந்தது. ஆனால் எங்கே போனாலும் "மின்மே வந்தாச்சு!" என்ற கூச்சல். சொந்தப் பாட்டைப் பாட மேடை ஏறினால் கூட்டம் மின்மேயின் பாட்டைக் கேட்கும்.

கூட்டத்தைக் குற்றம் சொல்வதா? அவர்கள் அன்போடு கேட்டார்கள். ஆனால் அன்பு ஒரு விநோதப் பண்டம். அளவு தப்பினால் அது கயிறு ஆகிவிடும். மின்மேக்கு வயது ஏறாது. அவள் என்றும் 16, 17 வயதுக் குமரி. அவள் உடை மாறாது, சிரிப்பு மாறாது. மாரி நாளுக்கு நாள் வளர்ந்த பெண். 25 வயதுப் பெண்ணைப் பார்த்து "நீ 17 வயதிலேயே நில்" என்றால் அவர் என்ன செய்வார்?

படத்துப் பெண்ணின் பெயரோடு மட்டும் தன்னைச் சேர்த்துப் பார்ப்பதை அவர் விரும்பவில்லை. அதை அவர் ஒளிக்கவும் இல்லை. சில ரசிகர்களுக்கு இது கசந்தது. "ஏறிய ஏணியை மறக்கலாமா?" என்று கேட்டார்கள். கேட்க வேண்டிய கேள்வி அது அல்ல. ஏணியின் மேலேயே ஒருவரை ஆயுள் முழுவதும் நிற்கச் சொல்லலாமா? அதைக் கேட்க வேண்டும்.

1989-ல் மாரி ஜப்பானை விட்டு அமெரிக்கா போனார். லாஸ் ஏஞ்சல்ஸ் நகரில் குடியேறினார். அங்கேயும் பாட்டுக் கட்டினார், இசைத்தட்டு வெளியிட்டார். ஜப்பானில் இருந்திருந்தால் இன்னும் பெரிய பெயர் கிடைத்திருக்கலாம். பெயர் கிடைத்திருக்கும், ஆனால் அது யார் பெயர்?

மற்றவர்கள் எப்படிச் சமாளித்தார்கள்?

எல்லோருக்கும் இப்படி நேரவில்லை. 1967-ல் பிறந்த மெகுமி ஹயாஷிபாராவைப் பார்க்கலாம். நர்ஸ் படிப்புப் படித்துக் கொண்டே குரல் பயிற்சியும் பெற்றவர். 1995-ல் வந்த "எவாஞ்சலியன்" தொடரில் ரேய் என்ற பெண்ணுக்குக் குரல் கொடுத்தார். ரேய் அதிகம் பேச மாட்டாள். பேசினாலும் இரண்டு சொல். அந்த இரண்டு சொல்லுக்கு ஜப்பான் வாலிபர்கள் உருகினார்கள். அனிமேஜ் ஓட்டில் 1995, 1996 இரண்டு ஆண்டும் எவாஞ்சலியனுக்கே முதல் பரிசு.

அதே 1995-ல்தான் வாயாடி மந்திரக்காரி லீனாவுக்கும் ஹயாஷிபாராவே குரல் கொடுத்தார். ஒருத்தி ஊமை மாதிரி, மற்றொருத்தி பட்டாசு மாதிரி! அவர் பாட்டுகளும் அமோகமாக விற்றன. ஆனால் ரசிகர்களால் அவரை எந்த ஒரு பெண்ணோடும் கட்டிப் போட முடியவில்லை. ஒன்றைப் பிடித்தால் அவர் இன்னொன்றாக மாறி நிற்பார். 1990-களில் வாசகர் ஓட்டில் குரலுக்கு முதல் இடம் வருஷத்துக்கு வருஷம் அவரைத் தேடி வந்தது.

அவருக்குப் பிறகு வந்தவர் நானா மிசுகி. சிறு வயதில் ஜப்பானின் பழைய சோகப் பாட்டு முறையில் பயிற்சி பெற்றவர். 2009-ல் அவருடைய தொகுப்பு விற்பனையில் முதல் இடம் பிடித்தது. குரல் நடிகை ஒருவர் அந்த இடத்தைப் பிடித்தது அதுவே முதல் தடவை. 2011 டிசம்பரில் டோக்கியோ டோம் என்ற பிரம்மாண்டமான அரங்கில் பாடினார். படத்துக்குக் குரல் கொடுப்பவர் சொந்தப் பெயரிலும் பெரிய பாடகியாக இருக்கலாம் என்பதை ஊர் ஒப்புக் கொண்டுவிட்டது.

ஒப்புக் கொள்ள எத்தனை காலம் ஆயிற்று பாருங்கள்! மாரி பாடிய 1984-க்கும் இதற்கும் நடுவே 25 ஆண்டுகள். பாதை போட்டவர் ஒருவர், அதில் வண்டி ஓட்டியவர் இன்னொருவர். முதலில் போனவர் காலில்தான் முள் தைக்கும்.

மாக்ராஸ்காரர்களும் பாடம் கற்றுக் கொண்டார்கள். 2008-ல் வந்த புதிய மாக்ராஸ் கதையில் இரண்டு பாட்டுக்காரிகள். ஒருத்திக்குப் பேசுவதும் பாடுவதும் மெகுமி நகஜிமா. பெரிய குரல் தேர்வு வைத்து அவரைக் கண்டுபிடித்தார்கள். இன்னொருத்திக்குப் பேச ஆயா எண்டோ, பாட மேய்ன். பாரத்தைப் பங்கு போட்டுவிட்டார்கள்.

ஓட்டு உலகமெங்கும்

இப்போது ஆண்டின் சிறந்த ஆனிமேயைத் தேர்ந்தெடுப்பது ஜப்பானோடு நிற்கவில்லை. "நியூடைப்" பத்திரிகை 2011 முதல் தனியாக வாசகர் ஓட்டு நடத்தியது. "க்ரஞ்சிரோல்" என்ற கம்பெனி 2017 முதல் உலக ரசிகர்களிடம் ஓட்டு வாங்கிப் பரிசு கொடுக்கிறது.

அந்த முதல் ஆண்டிலேயே ரகளை! பனிச்சறுக்கு வீரர்களைப் பற்றிய "யூரி" என்ற தொடர், போட்டியிட்ட பரிசுகளை எல்லாம் ஒன்று விடாமல் அள்ளிக் கொண்டு போயிற்று. அதன் ரசிகர்கள் திரண்டு வந்து ஓட்டுப் போட்டார்கள். போட்டதில் தவறு என்ன? ஓட்டு வைத்தால் திரளத்தான் செய்வார்கள். ஆனால் மற்ற படங்களின் ரசிகர்கள் கொதித்தார்கள். அதன் பிறகு நடுவர்களின் தீர்ப்புக்குக் கனம் கூட்டினார்கள்.

2025-ல் "சோலோ லெவலிங்" என்ற தொடருக்கு ஆண்டின் சிறந்த ஆனிமே பரிசு. கொரியா நாட்டுக் கதை. தமிழ்க் குரலிலும் வந்த தொடர் என்பதால் நம் வீட்டுப் பிள்ளைகளுக்கும் தெரிந்திருக்கும். இதற்கும் சண்டை நடந்தது. "அமைதியான நல்ல கதை ஒன்று இருக்க, அடிதடிக் கதைக்கா பரிசு?" என்று ஒரு கட்சி. "ஜனங்கள் பார்த்ததுக்குத்தானே பரிசு?" என்று இன்னொரு கட்சி.

இரண்டு கட்சியும் ஒன்றை மறந்துவிடுகின்றன. ஆண்டு ஓட்டு என்பது அந்த ஆண்டின் காய்ச்சலை அளக்கும் கருவி. எது காலத்துக்கும் நிற்கும் என்று அதற்குத் தெரியாது. யமாட்டோவுக்கு 1974-ல் ஓட்டு வைத்திருந்தால் ஹெய்டியிடம் தோற்றிருக்கும். மூன்று வருஷம் கழித்து வைத்திருந்தால் ஜெயித்திருக்கும். படம் அதே படம்தான்!

அதனால்தான் ஜப்பானியப் பொது ஒலிபரப்பான என்.எச்.கே. நடத்திய ஓட்டு கவனிக்கத் தக்கது. 2018-ல் கண்டாம் கதைகள் எல்லாவற்றையும் ஒன்றாக வைத்து ஓட்டு நடத்தினார்கள். 2019-ல் மாக்ராஸ் கதைகளுக்கும் அதே மாதிரி ஓட்டு. படம், கதாபாத்திரம், பாட்டு என்று தனித் தனியாக. அப்பா பார்த்த மாக்ராஸும் மகள் பார்த்த மாக்ராஸும் ஒரே தட்டில்! இந்த மாதிரி ஓட்டில் காய்ச்சல் தணிந்து, நினைவு பேசுகிறது. ஆண்டு ஓட்டு நடத்துகிறவர்கள், 10 ஆண்டு கழித்து அதே படங்களை வைத்து இன்னொரு முறை ஓட்டு வாங்கினால் என்ன? பழைய முதல் பரிசுகளில் எத்தனை தேறும் என்று பார்த்துவிடலாம். தோற்றுப் போன நல்ல படத்துக்கு நியாயம் கிடைக்கும்.

இன்னொன்றும் செய்யலாம். குரலுக்குப் பரிசு கொடுக்கும்போது "இந்தப் பாத்திரத்தில் இவர்" என்று கொடுப்பதே வழக்கமாக இருக்கிறது. பாத்திரத்துக்கு வெளியே அவர் செய்த வேலைக்கும் ஓர் இடம் வைக்கலாம். ரசிகனுக்கு அது ஒரு நினைவூட்டல். இந்தக் குரலுக்குப் பின்னால் வாடகை கொடுக்கிற, வயது ஏறுகிற, புதிதாக ஒன்றைப் பாட நினைக்கிற ஓர் ஆள் இருக்கிறார்!

மறுபடியும் மின்மே

மாக்ராஸ் 1985-லேயே அமெரிக்கா போயிற்று. ஆனால் அப்படியே போகவில்லை. அதோடு சம்பந்தமே இல்லாத வேறு இரண்டு தொடர்களைச் சேர்த்துத் தைத்து, "ரோபோடெக்" என்று பெயர் மாற்றி, 85 பகுதிக் கதை ஆக்கினார்கள். மின்மேக்கு வேறு பெண் ஆங்கிலத்தில் பேசினார், வேறு பாட்டுகளைப் பாடினார். மாரி லாஸ் ஏஞ்சல்ஸில் குடியேறியபோது அந்த ஊர்ப் பிள்ளைகளுக்கு மின்மேயைத் தெரியும். மாரியின் குரலைத் தெரியாது. ஒரு வகையில் அவருக்கு அது நிம்மதியாகக் கூட இருந்திருக்கும்!

பிறகு பழைய மாக்ராஸை வெட்டாமல், ஒட்டாமல், முழுதாக ஆங்கிலத்தில் கொண்டுவர ஓர் அமெரிக்கக் கம்பெனி முன் வந்தது. மின்மேக்கு யார் பேசுவது?

மாரியைக் கேட்டார்கள். அவர் ஒப்புக் கொண்டார்.

2006-ல் அந்தப் பதிப்பு வந்தது. 19 வயதில் ஜப்பானிய மொழியில் மின்மேயாகப் பேசியவர், 40 வயது தாண்டிய பிறகு ஆங்கிலத்தில் அதே மின்மேயாகப் பேசினார். பழைய ஜப்பானியக் குரல் நடிகர்களில் அப்படித் திரும்பி வந்தவர் அவர் ஒருவர்தான். யாரும் அவரை இழுத்துக் கொண்டு வரவில்லை. ரசிகர் கூட்டம் வாசலில் நின்று கத்தவில்லை. தூரத்தில் போய், தன் பாட்டைத் தான் பாடி, தன் பெயரைத் தான் சம்பாதித்துக் கொண்ட பிறகு, தானே நடந்து வந்தார். 1984-ல் அதட்டிக் கேட்டிருந்தால் கிடைக்காதது, 22 ஆண்டு காத்திருந்த ரசிகனுக்குத் தானாகக் கிடைத்தது.

அந்த 1984-ம் ஆண்டுப் படத்தில் இன்னொரு பாட்டும் உண்டு. படம் முடிந்து, உழைத்தவர்களின் பெயர்கள் திரையில் ஓடும்போது வருவது. "தேவதையின் வர்ணங்கள்" என்று அதற்குப் பொருள். போரை நிறுத்தும் பாட்டைப் பெரிய கவிஞரும் பெரிய இசை அமைப்பாளரும் செய்து கொடுத்தார்கள். இந்தக் கடைசிப் பாட்டை எழுதியவரும் மெட்டுப் போட்டவரும் மாரியே. படம் வந்த அன்று அந்தப் பாட்டுக்குக் காட்சி கிடையாது. மின்மே மேடையில் பாடுவதாக ஒரு காட்சி திட்டம் போட்டிருந்தார்கள். முடிக்க முடியவில்லை. கறுப்புத் திரையில் வெறும் பெயர்கள்தான் ஓடின. கொட்டகையில் விளக்குப் போடும் நேரம், எத்தனை பேர் உட்கார்ந்து கேட்டிருப்பார்கள்?

மூன்று ஆண்டு கழித்து, 1987-ல், விட்டுப் போன அந்தக் காட்சியை வரைந்து முடித்தார்கள். மின்மேயின் கச்சேரி. அரங்கம் நிறைய ஜனம். படத்துப் பெண் மேடைக்கு வருகிறாள். இந்தத் தடவை அவள் பாடுவது மாரி எழுதிய பாட்டு.